மலையைத் தூக்குவதற்கு முன்: உங்கள் கதைக்கு ஒரு கற்பனை ஆற்றல்புலம் கட்டுவது எப்படி?

சேலத்தில் ஞாயிற்றுக்கிழமைகளில் எழுதுகிறவர்கள் சிலர் கூடிப் பேசுகிறோம். புதிதாக வருகிறவர்களில் பாதிப் பேரின் கையில் ஏறத்தாழ ஒரே கதைதான் இருக்கும். பெயர் வாயில் நுழையாத ஒரு கிரகம், அங்கே எங்கும் நிறைந்திருக்கும் மாய ஆற்றல், அதைக் கையசைவில் ஏவும் ஓர் இளைஞன். மூன்றாம் பக்கத்தில் அவன் பாறையைத் தூக்குவான். பத்தாம் பக்கத்தில் மலையைத் தூக்குவான். பதினைந்தாம் பக்கத்தில் எழுதியவருக்கே மூச்சு முட்டும். தூக்க இனி மிச்சம் எதுவும் இருக்காது.

நானும் அப்படித் தொடங்கியவன்தான். என் முதல் கதையின் நாயகன் ஏற்காட்டில் லேடீஸ் சீட் பாறைமேல் உட்கார்ந்து, கீழே மினுக்கிக்கொண்டிருந்த சேலத்து விளக்குகள் அத்தனையையும் ஒரு விரல் அசைவில் அணைத்தான். எனக்கே மெய்சிலிர்த்தது. எங்கள் கூட்டத்துக்கு வரும் ஓய்வு பெற்ற இயற்பியல் ஆசிரியர் ஒருவர் வாசித்துவிட்டு, “நன்றாக இருக்கிறது தம்பி. அணைத்ததற்கு அவன் எவ்வளவு கொடுத்தான்?” என்று கேட்டார். பணத்தையா கேட்கிறார் என்று விழித்தேன். “ஏதோ ஒன்று. எண்ணெய் தீர்ந்த விளக்குதான் சும்மா அணையும்” என்றார். அந்தக் கதையைக் கிழித்துப் போட்டேன். அதற்குப் பிறகு கற்றுக்கொண்டதைத்தான் இங்கே வரிசைப்படுத்துகிறேன்.

முதலில் ஒரு பிடி இரும்புத்தூள்

ஏதாவது ஒரு லேத் பட்டறைக்குப் போய் இரும்புத்தூள் கேளுங்கள். பழைய ஒலிபெருக்கி ஒன்றைக் கழற்றினால் காந்தம் கிடைக்கும். காந்தத்தின்மேல் ஒரு வெள்ளைத் தாளை வைத்து, தூளைத் தூவி, விரலால் மெல்லத் தட்டுங்கள். தூள் வளைவளைவாகக் கோலம் போடும்.

பள்ளியில் செய்ததுதானே என்று அலுத்துக்கொள்ளாதீர்கள். லண்டனில் புத்தகம் கட்டும் கடையில் தொழில் பழகிய மைக்கேல் ஃபாரடே, இந்தக் கோடுகளை வெறும் வேடிக்கையாக விட்டுவிடவில்லை. காந்தத்துக்கும் இரும்புக்கும் இடையில் கிடக்கும் வெற்று இடத்திலேயே ஏதோ நடக்கிறது என்று பிடிவாதமாகச் சொன்னார். அவருக்குக் கணக்கு அவ்வளவாக வராது. 1860களில் மேக்ஸ்வெல் என்ற இயற்பியலாளர் அதைச் சமன்பாடுகளாக எழுதிக் கொடுத்தார். கணக்கு வராதவர்களும் புலத்தைக் கற்பனை செய்யலாம் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடையாது.

இதிலிருந்து கதைக்காரருக்குத் தேவைப்படுவது சிறிதளவுதான். புலம் என்பது குளத்துத் தண்ணீர்போலத் தேங்கிக் கிடக்கும் பண்டம் அல்ல. ஒவ்வொரு இடத்திலும் ‘இங்கே இவ்வளவு, இந்தப் பக்கமாக’ என்று சொல்லக்கூடிய ஓர் அளவு அது. ஆகவே நோட்டுப் புத்தகத்தின் முதல் பக்கத்தில் மூன்று கேள்விகளை எழுதுங்கள். எதிலிருந்து பிறக்கிறது? விலக விலக எப்படி இளைக்கிறது? எதற்குக் கட்டுப்படும், எதற்குக் கட்டுப்படாது?

மூன்றாவது கேள்வியைத்தான் புதியவர்கள் தாண்டிக் குதிக்கிறார்கள். அதே காந்தத்தை ஒரு வெள்ளிக் கொலுசின் அருகே கொண்டுபோங்கள். கொலுசு அசையாது. (ஒட்டிக்கொண்டால் கடைக்காரரிடம்தான் போக வேண்டும், அது வேறு வகைக் கதை.) ஈர்ப்புப்புலத்துக்குப் பாரபட்சம் இல்லை, எல்லாவற்றையும் இழுக்கும். காந்தப்புலத்துக்கோ விருப்பு வெறுப்பு உண்டு. விருப்பு வெறுப்பு உள்ள புலத்தோடுதான் கதை ஒட்டும். ‘அண்டத்தில் உள்ள அனைத்துக்கும்’ என்று எழுதிவிட்டால், நீங்கள் புலத்தைக் கட்டவில்லை, கடவுளைக் கொண்டுவந்துவிட்டீர்கள். அப்புறம் கடவுளுக்கு எதிராக வில்லனைத் தேடி அலைய வேண்டும்.

ஊற்றுக்கண்ணை மண்ணில் தேடுங்கள்

கற்பனைக் கிரகத்துக்கு நிலம் வேண்டும். அதற்குச் சேலத்தைச் சுற்றினால் போதும். இவ்வளவு வகைப் பாறைகளை ஒரே நாளில் இருசக்கர வண்டியில் பார்த்து முடிக்கக்கூடிய ஊர்கள் குறைவு.

ஊருக்கு வடக்கே சுண்ணாம்புக் கரடு. பெயரில் சுண்ணாம்பு இருந்தாலும் அது சுண்ணாம்பு இல்லை; மேக்னசைட், ஊர்க்காரர்கள் சொல்லும் வெள்ளைக்கல். கரும்பாறையில் வெள்ளை நரம்புகளாக ஓடும். ரயில் நிலையம் ஒன்றுக்கே மேக்னசைட் என்று பெயர். உலைச் சூட்டைத் தாங்கும் செங்கற்கள் செய்ய இந்தக் கல்தான் போகிறது. மேற்கே கஞ்சமலை. அதன் பாறையில் மேக்னடைட் என்கிற காந்த இரும்புத்தாது இருக்கிறது. அடியில் சித்தர் கோயில். சோறு கிண்டிய குச்சியால் சோறு கறுத்து, அதைத் தின்ற கிழவர் இளைஞரான கதையை அங்கே யாரிடம் கேட்டாலும் சொல்வார்கள். வடகிழக்கே, ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலை, ஏறத்தாழ 250 கோடி ஆண்டுப் பழமையுள்ள சார்னோக்கைட் பாறை. இந்தப் பாறை வகைக்கு 1893இல் பெயர் வைத்தபோது, கல்கத்தாவில் இருக்கும் ஜாப் சார்னாக் என்ற கம்பெனி அதிகாரியின் கல்லறைக் கல்லை நினைத்துத்தான் வைத்தார்கள். கல்லறையிலிருந்து பெயர் வாங்கிய மலை! இதை நானே கற்பனை செய்து எழுதியிருந்தால் ‘மிகையாக இருக்கிறது’ என்று ஆசிரியர் குழு வெட்டியிருக்கும்.

இனி என் கட்டுமானத்தைப் பாருங்கள். என் கிரகத்துக்கு இரண்டு நிலாக்கள். மலையும் கரடும் மட்டும் நம்முடையவை. வெள்ளை நரம்புகளிலிருந்து புலம் கசிகிறது. பகல் வெப்பத்தில் காற்றோடு மேலே ஏறி, மாலையில் மலைமேல் மூடுபனியோடு தங்குகிறது. காந்த இரும்பு இருக்கும் குன்றின் அருகே செத்துவிடுகிறது. வெள்ளி அதற்குக் கட்டுப்படும், கல் ஓரளவு கட்டுப்படும், இரும்பு ஒருபோதும் கட்டுப்படாது. நிஜ வெள்ளைக்கல்லிலிருந்து எதுவும் கசியாது என்பதைச் சொல்லத் தேவையில்லை. ஆனால் உலையில் வேகாத கல் என்ற நிஜம் அடியில் இருப்பதால், மேலே ஏற்றும் பொய் நிற்கிறது. உங்கள் ஊர் வேறாக இருந்தால் உங்கள் மண்ணைத் தோண்டுங்கள்.

பெயர் வைப்பது

சக்தி, ஆற்றல், விசை மூன்றையும் விட்டுவிடுங்கள். ‘சக்தி’ என்றவுடன் வாசகர் மனத்தில் அம்மன் வந்து உட்கார்ந்துவிடுகிறாள், எழுப்ப முடியாது. ‘விசை’ என்றால் பாடப்புத்தகம் அல்லது சுவரில் இருக்கும் மின்விசைப் பொத்தான். சங்கப் பாடல்களில் மலையிலும் நீர்த்துறையிலும் உறையும் அச்சமூட்டும் ஆற்றலுக்கு ‘அணங்கு’ என்று அருமையான சொல் இருக்கிறது. அதை எடுக்கத்தான் ஆசை. ஆனால் அது இரண்டாயிரம் ஆண்டுச் சுமையோடு வரும். முதல் கதைக்கு வேண்டாம்.

நான் எடுத்தது ‘ஓதம்’. மழைக்காலத்தில் சுவரில் ஏறும் ஈரத்துக்கு நம் வீடுகளில் சொல்கிற சொல். அதற்கு வினைகள் ஏற்கெனவே இருக்கின்றன என்பதுதான் வசதி: ஓதம் ஏறுகிறது, இறங்குகிறது, தங்குகிறது, ஓதம் அடித்துவிட்டது. நீங்கள் யோசித்த பெயரைச் சமையலறையில் நின்று ஒருவர் சொல்கிற சாதாரண வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள். “இன்றைக்கு ஓதம் அதிகம், பால் பாத்திரத்தை இறக்கி வை” என்பது வாயில் வருகிறது. “இன்றைக்குப் பிரபஞ்சப் பேராற்றல் அதிகம்” என்று யாரும் பாலை இறக்கமாட்டார்கள்.

விலையைக் கணக்குப் போடுங்கள்

இந்தப் படியில் மெதுவாகப் போக வேண்டும். ஆசிரியர் கேட்ட கேள்விக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது.

புலத்தைப் பயன்படுத்துகிறவர் எதையாவது இழக்க வேண்டும் என்று முடிவு செய்தேன். உடல் சூட்டை இழக்கட்டும் என்று எழுதினேன். கடுமையான விலை என்று எனக்கு ஒரே பெருமை. ஆசிரியர் பேனாவை எடுத்தார். அறுபது கிலோ எடையுள்ள ஒருவரின் உடல் வெப்பம் ஒரே ஒரு டிகிரி செல்சியஸ் குறைந்தால் வெளியேறும் ஆற்றல் ஏறத்தாழ 2,08,000 ஜூல். ஒரு டன் எடையை ஒரு மீட்டர் உயர்த்தச் செலவாவது 9,800 ஜூல்தான். வகுத்துப் பாருங்கள்: ஒரு டிகிரிச் சூட்டைக் கொடுத்தால் ஒரு டன்னை 21 மீட்டர் தூக்கலாம். பத்து டன் பஸ்ஸை ஆள் உயரத்துக்கு மேலே தூக்கலாம். லேசான குளிர் மட்டும் மிச்சம், ஒரு காபியோடு அதுவும் போய்விடும். நான் கடும் விலை என்று நினைத்தது தள்ளுபடி விற்பனையாக இருந்தது.

அப்படியானால் என்ன செய்வது? வீணாவதைச் சேர்த்தோம். உடல் கொடுக்கும் சூட்டில் நூற்றில் ஒரு பங்குதான் வேலையாக மாறும், மீதி காற்றில் கரையும் என்று விதி. இப்போது ஒரு டிகிரிக்குக் கிடைப்பது ஏறத்தாழ 2,080 ஜூல். 75 கிலோ நெல் மூட்டை ஒன்றை 2.8 மீட்டர் தூக்கலாம், அதாவது ஒரு மூட்டையை மாடிக்கு ஏற்றலாம். அவ்வளவுதான். இரண்டாவது மூட்டைக்கு இரண்டாவது டிகிரி. 37இல் இருந்து 35க்கு வந்துவிட்டீர்கள். அதற்குக் கீழே போனால் மருத்துவர்கள் கவலைப்படும் எல்லை. நடுக்கம் வரும், பேச்சு குழறும், முடிவெடுக்கும் புத்தி மழுங்கும். மூன்றாவது மூட்டையைத் தூக்கலாமா என்று முடிவு செய்ய வேண்டிய மூளைதான் முதலில் மழுங்குகிறது. கதை அந்த இடத்தில் தானாக எழுந்து நின்றது.

அடுத்தது தற்செயலாகக் கிடைத்தது. ஓதம் மலைமேல்தான் அடர்த்தி. மலைமேல்தான் குளிர். ஆக, ஆற்றல் கொட்டிக் கிடக்கும் இடத்தில் உடலால் விலை கொடுக்க முடியாது. விலை கொடுக்க உடல் தயாராக இருக்கும் கீழூரில் ஆற்றல் சொற்பம். இதை நான் யோசித்துக் கண்டுபிடிக்கவில்லை. சேலத்துக்கும் ஏற்காட்டுக்கும் இடையில் கிடந்தது, குனிந்து எடுத்தேன். உங்கள் புலத்துக்கும் இப்படி ஒரு முடிச்சு அமையும்வரை கதை எழுதத் தொடங்காதீர்கள்.

வரம்பு இருந்தால்தான் கதை என்பது சேலத்துக்குப் புதிதல்ல. ஏற்காடு சாலையில் இன்றும் நுழைவாயில் வளைவு மட்டும் நிற்கும் மாடர்ன் தியேட்டர்ஸ் படநிறுவனம், 1956இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமாக அலிபாபா கதையை எடுத்தது. அந்தக் கதையின் குகைக்கு எவ்வளவு எளிய விதி: சொல் தெரிந்தால் திறக்கும். பேராசை பிடித்த அண்ணன் உள்ளே போய்ச் சொல்லை மறந்துவிடுகிறான். குகையில் எவ்வளவு தங்கம் இருந்தது என்பது யாருக்கும் நினைவில் இல்லை. அவன் மறந்தது எல்லாருக்கும் நினைவிருக்கிறது.

யாருக்கு அது வசப்படும்?

பிறவியிலேயே வரும், இன்ன வம்சத்துக்கு மட்டும் வரும் என்று எழுதாதீர்கள். வெளிநாட்டுக் கதைகளில் இது வெறும் கதையுத்தியாகத் தெரியலாம். பிறப்பை வைத்து எந்தக் குளத்தில் யார் தண்ணீர் எடுக்கலாம் என்று தீர்மானித்த நாட்டில் அதற்கு வேறு வாடை அடிக்கும். அதற்கு மேல், கதைக்கும் அது கெடுதல். 1977இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்தில் ‘ஃபோர்ஸ்’ என்ற புலத்தைப் பற்றிய விளக்கத்தை ஒரு முதியவர் தன் வீட்டுக்குள் சில வாக்கியங்களில் முடித்துவிடுவார். 1999இல் வந்த முன்கதைப் படம், இரத்தத்தில் உள்ள நுண்ணுயிர்களை எண்ணி ஒருவரின் வலிமையைச் சொல்லிவிட்டது. பழைய ரசிகர்கள் பலர் முகம் சுளித்தார்கள். உழைத்து அடைய வேண்டிய ஒன்று இரத்தப் பரிசோதனை முடிவாகச் சுருங்கியதுதான் காரணம் என்பது என் கணிப்பு.

என் கதையில் ஓதம் முதலில் வசப்படுவது கொலுசுப் பட்டறைக்காரர்களுக்கு. வெள்ளி அதிர்வதைக் காதால் பிரித்தறிவது அவர்கள் தொழில். சேலம் செவ்வாய்ப்பேட்டைத் தெருக்களில் அரைநாள் நின்று கேட்டால் நான் சொல்வது புரியும். கைத்தொழில் பழக்கத்திலிருந்து வரும் திறமைக்கு வயதும் தவறும் வலியும் உண்டு. எழுதத் தீனி கிடைக்கும்.

இன்னொன்றையும் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். சேர்வராயன் மலையில் வாழும் மலையாளிப் பழங்குடியினரை (கேரளத்தார் அல்லர், தமிழ் பேசுகிறவர்கள்) மர்ம ஞானிகளாக்கிவிட்டு, கீழிருந்து வரும் நாயகனுக்குக் கைவிளக்கு பிடிக்க வைக்காதீர்கள். அவர்களுக்கும் ரேஷன் கார்டும் பஸ் நேரமும் பிள்ளைகளின் பரீட்சையும் உண்டு.

ஒருநாள் மலையேறி அளந்து பாருங்கள்

செலவு: பஸ் டிக்கெட், ஒரு வெப்பமானி, ஒரு நோட்டு. சேலத்திலிருந்து காலை பஸ்ஸில் ஜன்னலோரம் இடம்பிடியுங்கள். அடிவாரம் தாண்டியதும் 20 கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொரு வளைவிலும் ஒரு வரி எழுதுங்கள்: காற்று, வாசனை, காது அடைப்பு, எந்த மரம் நின்றுபோய் எந்த மரம் தொடங்குகிறது. சேலம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 280 மீட்டர், ஏற்காடு சுமார் 1,500 மீட்டர். கிலோமீட்டருக்கு ஆறரை டிகிரி என்ற பொதுக் கணக்கில், எட்டு டிகிரி வரை இறங்கும். சில்வர் ஓக் மரங்களில் மிளகுக்கொடி ஏறி, அடியில் காபிச் செடிகள் தொடங்கும் இடத்தை விட்டுவிடாதீர்கள்.

மேலே போனதும் ஒரு டீக்கடையில் நின்று யோசியுங்கள்: இங்கே தண்ணீர் 95 டிகிரியை ஒட்டியே கொதித்துவிடுகிறது. சோறு வேகக் கூடுதல் நேரம் ஆகிறது. கண்ணுக்குத் தெரியாத ஒன்று, உயரத்தோடு சீராக மாறி, அடுப்பங்கரையில் வந்து தெரிகிறது. உங்கள் கற்பனைப் புலமும் இப்படித்தான் தெரிய வேண்டும்: வானத்து மின்னலாக வேண்டாம், வேகாத பருப்பாக வரட்டும்.

நான் அந்த 20 வளைவுகளையே அளவுகோலாக வைத்துக்கொண்டேன். என் பாத்திரங்கள் ‘பதினான்காம் வளைவு ஓதம்’ என்று பேசுவார்கள். பத்துக்குக் கீழே கூழாங்கல்தான் நகரும். அலகுக்குப் புதுப் பெயர் தேடி மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டியிருக்கவில்லை.

விளக்காமல் எழுதுவது

இவ்வளவு கணக்கையும் கதைக்குள் கொட்டினால் வாசகர் ஓடிவிடுவார். விதிகள் நோட்டில் இருக்கட்டும். கதையில் யாரோ அந்த விதிக்குப் பயந்து செய்கிற காரியம் மட்டும் வரட்டும். என் கதை இப்போது இப்படித் தொடங்குகிறது:

“பதினேழாம் வளைவில் வண்டி நின்றபோது அவள் கொலுசு தானாக ஒருமுறை சிணுங்கியது. அப்பா போர்வையை எடுத்து அவள் தோளில் போர்த்தினார். ‘இன்னும் மூன்று வளைவு. மூட்டை எத்தனை?’ ‘மூன்று.’ அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. ‘ஒன்றை நான் முதுகில் சுமந்துவிடுகிறேன்’ என்றார்.”

ஓதம் என்ற சொல்லே இதில் இல்லை. விலை இருக்கிறது, எல்லை இருக்கிறது, அப்பாவும் இருக்கிறார்.

கடைசியாக ஒரு பத்தாம் வகுப்புப் பிள்ளையிடம் கொடுங்கள்

நண்பர்களிடம் கொடுக்காதீர்கள், பாராட்டிவிடுவார்கள். அக்கம்பக்கத்தில் கேள்வி கேட்டே ஆளைக் களைப்படைய வைக்கும் ஒரு பிள்ளை இருக்கும். விதிகளை ஒரே பக்கத்தில் எழுதி அதனிடம் கொடுங்கள். ‘அப்படியென்றால் ஏன் அவன் இப்படிச் செய்யவில்லை?’ என்று ஒரு கேள்வி கட்டாயம் வரும். ஓட்டையை அடைக்கப் புது விதி சேர்க்காதீர்கள். ஒரு ஒட்டுக்கு இன்னொரு ஒட்டு தேவைப்பட்டு, கடைசியில் விதிகளுக்கே பொருளடக்கம் போட வேண்டிவரும். ஓட்டை வழியாக அந்த உலகத்து ஜனங்கள் என்ன செய்வார்கள் என்று பாருங்கள்.

என் பக்கத்து வீட்டுப் பெண் என் பக்கத்தை வாசித்துவிட்டு ஒரு நிமிடம்கூட எடுத்துக்கொள்ளவில்லை. “மாமா, தூக்கினால் உடம்பு குளிரும் என்றால், கத்திரி வெயிலில் கீழே இருக்கிறவர்கள் எல்லாரும் ஆளுக்கொரு கூழாங்கல்லைத் தூக்கிக்கொண்டே உட்கார்ந்திருப்பார்களே? எதற்கு மின்விசிறி?”

இரண்டு வாரம் தூக்கம் போயிற்று. பிறகு அதையே எழுதினேன். வெயில் 40 டிகிரியைத் தொடும் ஒரு மதியம், கீழூரின் திண்ணைகளில் வரிசையாகக் கிழவிகள். ஒவ்வொருவர் முன்னும் ஓர் அங்குல உயரத்தில் ஏறி இறங்கும் கூழாங்கல். நல்ல வெள்ளைக் கல்லாகப் பார்த்து விற்கும் ஒரு பையன், பேரம் படியாமல் ஒருத்தி அவனைத் திட்டும் சத்தம். கூட்டத்தில் வாசித்தபோது ஆசிரியர் முதல்முறையாகப் பேனாவை எடுக்கவில்லை. அந்தப் பெண் மட்டும், கல் ஓர் அங்குலம்தான் ஏறுகிறது என்றால் அது என் கணக்குப்படி எத்தனை டிகிரி என்று கேட்டாள். போட்டுக்கொண்டிருக்கிறேன்.